சதுப்பு நிலத்துச் சாட்சி

கேம்பிரிட்ஜில் ஜெர்வேஸ் ஹோல்பீச்சைப் பிடிக்காதவர் என்று ஒருவரைக் காட்டுவது கஷ்டம். வயது நாற்பத்தாறு. குருப்பட்டம் பெற்றவர், இறையியலில் டாக்டர். கல்லூரியின் மேற்கு மூலையில் இரண்டு அறைகள் அவருக்கு. ஒன்றில் படுக்கை, இரண்டிலும் புத்தகங்கள். உள்நாட்டுப் போர் நடந்த காலத்திலும் சரி, அரசர் திரும்பி வந்து பிஷப்புகளின் கை ஓங்கிய பிறகும் சரி, அவர் எந்தக் கட்சியையும் திட்டிப் பிரசங்கம் செய்ததில்லை. கடவுளுக்குப் பயப்படு என்று மற்றவர்கள் மேடையைத் தட்டினால், கடவுளைப் போல ஆகப் பார் என்பார் இவர். கிரேக்க நாட்டுப் பழைய ஞானிகள் மங்கலாகக் கண்டதைத்தான் கிறிஸ்து பட்டப்பகலில் காட்டினார்; கண்ணுக்குத் தெரியும் மண்ணும் மரமும் நிழல், ஆவிதான் மெய்ப்பொருள்; மனிதனின் அறிவு அந்த மெய்ப்பொருளின் ஒரு துளி, ஆகவே நேர்மையாக யோசிப்பதே ஒரு ஜெபம். இருபது வருஷமாக அவர் சொல்லிவந்தது இவ்வளவுதான்.

ஆனால் காலம் வேறு பக்கம் திரும்பிக்கொண்டிருந்தது. லண்டனில் அச்சாகி வந்த புதுப் புத்தகங்கள், இருப்பதெல்லாம் சடப்பொருளும் அதன் அசைவும்தான் என்றன. ஆன்மா என்பது வெறும் மூச்சுக்கு வைத்த பெயர். சாப்பாட்டு மண்டபத்தில் எதிரே உட்காரும் எலியாஸ் டர்னல் அந்தக் கட்சி. நல்ல கணிதக்காரர், வாய் சும்மா இருக்காது.

"என்னய்யா ஹோல்பீச், உம்ம ஆன்மாவை நேத்து தராசுல வச்சுப் பாத்தீரா? எத்தனை ராத்தல் இருக்கு?"

"உம்ம கேலிக்கு எத்தனை ராத்தலோ அத்தனைதான் டர்னல். அதையும் நிறுத்துப் பாக்க முடியாது. ஆனா மேசை முழுக்க உறைக்குதே."

எல்லோரும் சிரிப்பார்கள். ஹோல்பீச்சும் சிரிப்பார். அறைக்குத் திரும்பும்போது மட்டும் அந்தச் சிரிப்பு அவர் முகத்தில் இருக்காது. காரணம் யாருக்கும் தெரியாது.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவருடைய தங்கை டார்க்கஸ் காய்ச்சலில் இறந்தாள். அவர்தான் கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் இருந்தார். ஆன்மா உடலை விட்டுப் போகும் நேரம் அது. அதை உணர முடிந்த மனிதன் ஒருவன் இருந்தால் அது தானாகத்தான் இருக்கும் என்று உள்ளூர நம்பியிருந்தார். எதுவும் போகவில்லை. மூச்சு நின்றது. கை சூடாக இருந்தது, பிறகு குறைந்தது, பிறகு மேசைக் கால் போல ஆனது. அவ்வளவுதான். அன்றிலிருந்து அவர் பிரசங்கத்தில் சொல்லும் ஒவ்வொரு சொல்லுக்கும் பின்னால் அந்தக் கை இருந்தது. தர்க்கம் போதவில்லை அவருக்கு. ஒரே ஒரு சாட்சி வேண்டியிருந்தது, இறந்தவர் எங்கேயோ இருக்கிறார் என்பதற்கு. எழுதிக்கொண்டிருந்த பெரிய புத்தகத்தில் கடைசி அதிகாரத்தை அதற்காகவே காலியாக விட்டிருந்தார். எந்த ஊரிலாவது ஆவி தட்டியது, செத்தவர் தெரிந்தார் என்று கேள்விப்பட்டால் கடிதம் எழுதி விசாரிப்பார். ஒன்று குடிகாரன் கதையாக இருக்கும், இல்லையென்றால் எலி.

அப்படியிருக்கும்போதுதான் டோபியாஸ் கேனிடமிருந்து கடிதம் வந்தது. கேன் அவருடைய பழைய மாணவன்; இப்போது வடக்கே சதுப்பு நிலத்தில், ஸ்ட்ரெட்னி என்ற ஊரில் போதகன். "இங்கே ஆட்ரி பிரைக் என்று ஒரு விதவை. வெள்ளத்தில் போன அவள் மகன் கால்வாய்க்கரையில் அவளோடு பேசுகிறானாம். பட்டப்பகலில். ஊரே சொல்கிறது. தாங்கள் வந்து பார்த்தால் நல்லது."

ஏப்ரலில் ஹோல்பீச் போனார். பாதி வழி குதிரை, மீதி வழி படகு. ஆட்ரிக்கு ஐம்பது வயது இருக்கும். கோரை அறுத்துப் பிழைப்பவள். ஒரு ஆடும் பத்துப் பன்னிரண்டு வாத்துகளும் சொத்து. பெரிய மனிதர் வீடு தேடி வந்ததும் முக்காலியைப் பாவாடை நுனியால் துடைத்துப் போட்டாள். மிரளவில்லை. இரண்டு வருஷமாக யாராவது தன்னை உட்கார வைத்துக் கேட்கமாட்டார்களா என்று காத்திருந்தவள் போலச் சொல்ல ஆரம்பித்தாள்.

"கரை உடைஞ்ச வருஷம் ஐயா. எல்லாரையும் கூப்பிட்டாங்க, மண்ணு அடைக்க. என் சைலஸும் போனான். பத்தொம்பது வயசு. மத்தியானம் சாப்பாடு கொண்டாம்மான்னு சொல்லிட்டுப் போனவன். நான் ரொட்டியும் பாலாடைக்கட்டியும் எடுத்துக்கிட்டுப் போறேன், கரையே இல்ல. பத்து நாள் கழிச்சுத்தான் கெடச்சான். அப்புறமும் எனக்குப் பழக்கம் போகல. மத்தியானம் ஆனா காலு தானா அங்க போயிரும். ஒரு நாள் நின்னுக்கிட்டிருக்கேன், 'அம்மா, வாத்துக் கூண்டை நீ சரியாச் சாத்தல'ங்கறான்."

"எப்படிக் கேட்டுச்சு? காதுலயா, மனசுக்குள்ளயா?"

"நீங்க இப்பப் பேசறீங்களே, அப்படி. அவனுக்குக் கொஞ்சம் மூக்கடைப்பு உண்டு. அந்த மூக்கடைப்போட."

"வீட்டுக்குப் போய்ப் பாத்தீங்களா?"

"கூண்டு தெறந்துதான் கெடந்துச்சு. நரிக்காலு பதிஞ்சிருக்கு. நல்லவேளை, உள்ள பூரல."

எழுதிக்கொண்டிருந்த ஹோல்பீச்சின் பேனா நின்றுவிட்டது. அவளுக்குத் தெரியாத ஒன்றை அந்தக் குரல் சொல்லியிருக்கிறது. அப்படியானால் அது அவள் மூளையிலிருந்து வந்ததில்லை. "இன்னும் சொல்லுங்க அம்மா" என்றார்.

அவள் சொன்னாள். ஆட்டுக்கு நோய் வரப்போவது, மழை வரப்போவது, எல்லாம் அவன் முன்னாலேயே சொன்னதை. பக்கத்து வீட்டு ப்ரூடன்ஸ் ஃபோல்க்ஸின் குழந்தையைச் சுவரோரம் படுக்கவைக்க வேண்டாம் என்று சைலஸ் சொன்னதையும் சொன்னாள். "நான் போய் ப்ரூடன்ஸுகிட்டச் சொன்னேன் ஐயா. 'உன் பிசாசுப் பேச்சை எங்கிட்டக் கொண்டு வராத'ன்னு கதவைச் சாத்துனா. ஜனவரி மழையில அந்தச் சுவரு விழுந்துச்சு. புள்ள போச்சு."

எழுதிக்கொண்டே ஹோல்பீச் அழுதார். அழுததை அவர் மறைக்கவும் இல்லை. ஆட்ரி எழுந்து போய் ஒரு குவளையில் பார்லி பீர் கொண்டுவந்து கொடுத்தாள். எட்டுப் பக்கம் வந்தது. படித்துக் காட்டினார், அவள் கீழே ஒரு சிலுவைக் குறி போட்டாள். அதற்குக் கீழே தன் கையால் எழுதினார்: "இதில் ஐயத்துக்கு இடமில்லை. இறந்தவர் வாழ்கிறார்."

அன்று மாலை கேன் வீட்டில் விலாங்குமீன் குழம்போடு சாப்பாடு. பல வருஷங்களுக்குப் பிறகு ஹோல்பீச் இன்னொரு தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். "ஒரு பிரதி எடுத்துக்கட்டுமா ஐயா?" என்று கேன் கேட்டான். "தாராளமா எடுத்துக்கோ" என்றார்.

*

ஜூன் கடைசியில் கல்லூரி வாசலுக்கு ஆள் வந்து சம்மன் கொடுத்துவிட்டுப் போனான். ஆட்ரி பிரைக், விதவை, தீய ஆவியோடு உறவு கொண்டதாகவும், அதை ஏவி ஒரு குழந்தையைக் கொன்றதாகவும் குற்றம் சாட்டப்பட்டு ஹோம்சி நகரச் சிறையில் இருக்கிறாள். டாக்டர் ஹோல்பீச் தன் கையெழுத்தில் பதிவு செய்த வாக்குமூலத்தை நீதிபதி முன்னால் வந்து உறுதிசெய்ய வேண்டும்.

அவர் அதை நின்றபடியே மூன்று முறை படித்தார். பிறகு குதிரையைப் பிடித்துக்கொண்டு நேராக ஸ்ட்ரெட்னிக்குப் போனார்.

தோட்டத்தில் அவரைக் கண்டதும் கேன், கிடங்குக்குள் மாட்டிக்கொண்ட குருவியைப் போலப் படபடத்தான். "நான் கெடுதலா எதுவும் நினைக்கல ஐயா. சர் மைல்ஸ் ஆர்ட்டன் இங்க நீதவான், அவர் வீட்டுல விருந்து. நம்ம டாக்டர் எழுதினதுன்னு பெருமையாக் காட்டினேன். நாத்திகனுக்கெல்லாம் இது சாட்டையடின்னு அவரும் சொன்னார். அப்புறம்தான் அந்தக் குழந்தை விஷயத்தை ரெண்டு தரம் படிச்சார். ப்ரூடன்ஸைக் கூப்பிட்டு விட்டார்."

"வாங்கிக்கிட்டு வந்திருக்கலாமே, டோபியாஸ். கிழிச்சுப் போட்டிருக்கலாமே."

"நீதவான் கையிலிருந்தா? எனக்கு இந்தச் சபை வேலையே அவர் கொடுத்தது." கேன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். "அதோட ஐயா... நீங்கதானே எழுதினீங்க. ஆவி உண்மைன்னு. உண்மைன்னா, கூப்பிட்ட இடத்துக்கு வர்ற ஆவி தேவதூதனா இருக்காதே?"

ஹோல்பீச் குதிரையைத் திருப்பினார். ஆட்ரியின் வீட்டைத் தாண்டித்தான் திரும்ப வேண்டியிருந்தது. கூரைக் கோரையை ஊர்க்காரர்கள் பிய்த்துப் போட்டிருந்தார்கள். ஆடும் இல்லை, வாத்துகள் ஒன்றுகூட இல்லை.

ஹோம்சி சிறை ஒரு பழைய தானியக் கிடங்கு. சிறைக்காவலன் மூக்கைப் பிடித்துக்கொண்டு கதவைத் திறந்தான். வைக்கோலில் உட்கார்ந்திருந்த ஆட்ரி அவரைக் கண்டதும் முகம் மலர்ந்தாள். அந்த மலர்ச்சியைத்தான் அவரால் தாங்க முடியவில்லை.

"வருவீங்கன்னு தெரியும் ஐயா. இவங்க யாருக்கும் புரியல. நீங்க வந்து சொல்லிட்டீங்கன்னா சரியாப் போயிரும். 'அது பிசாசு இல்ல, அவ மகன்'னு நீங்க சொன்னா நீதிபதி கேப்பாரு. நீங்க படிச்சவரு."

அவர் அவள் முன்னால் வைக்கோலில் உட்கார்ந்தார். வழியெல்லாம் யோசித்து வைத்திருந்ததை மெதுவாகச் சொன்னார். குரல் உண்மை என்று அவர் சொன்னால் அவள் தூக்கில் தொங்குவாள். மகன் குரல் என்று சொன்னாலும் சரி, மகன் வேஷம் போட்ட பிசாசு என்பார்கள். ஒரே ஒரு வழிதான் இருக்கிறது. சதுப்பு நிலத்தில் குளிர்க்காய்ச்சலுக்கு எல்லோரும் கசகசாக் காயைக் கொதிக்கவைத்துக் குடிக்கிறார்கள். அது மூளையைக் கிறக்கும்; இல்லாத குரல் கேட்கும். அவள் அதைக் குடிப்பவள், துக்கத்தில் கேட்டது வெறும் பிரமை, தான் தவறாக எழுதிவிட்டேன் என்று அவர் சொல்வார்.

ஆட்ரி மடியில் ஒட்டியிருந்த வைக்கோலைத் தட்டிவிட்டாள்.

"நான் அதைக் குடிச்சதே இல்ல ஐயா. எங்க வீட்டுக்காரரு அதைக் குடிச்சுக் குடிச்சே போய்ச் சேந்தாரு. வாசப்படி ஏறவிட மாட்டேன் அதை."

"தெரியும் அம்மா. ஆனா அப்படித்தான் சொல்லணும்."

"சத்தியம் பண்ணிட்டா?"

"சத்தியம் பண்ணிட்டு."

"அப்ப சைலஸ் பேசலன்னு சொல்லப் போறீங்க."

"உங்க உயிரைக் காப்பாத்த..."

"என் உயிரை நான் காப்பாத்தச் சொன்னேனா?" அவள் குரல் உயரவில்லை. அதுதான் பயமாக இருந்தது. "நான் சொல்லச் சொல்ல எழுதிக்கிட்டே அழுதீங்களே. பொய்க்கா அழுதீங்க? தொங்கவிட்டா விடட்டும். அவன் இருக்கற இடத்துக்குத்தானே போறேன். ஊரு முன்னாடி, கோர்ட்டுல, எம்புள்ள இல்லவே இல்லன்னு மட்டும் சொல்லிராதீங்க. ஒரு தடவ பொதைச்சாச்சு ஐயா. இன்னொரு தடவ நீங்க பொதைக்காதீங்க."

ஹோல்பீச் அவள் கையைப் பிடித்துக் கெஞ்சினார். ஒரு போதகர், டாக்டர் பட்டம் பெற்றவர், நாற்றமடிக்கும் வைக்கோலில் மண்டியிட்டு ஒரு கோரைக்காரியிடம் நீ வாழு, நீ வாழு என்று கெஞ்சினார். அவள் கையை இழுத்துக்கொண்டாள். காவலன் வந்து நேரமாயிற்று என்றான்.

*

விசாரணை ஜூலை மாதம் ஒரு வெள்ளிக்கிழமை காலையில். மண்டபம் வியர்வையாக நாறியது. ப்ரூடன்ஸ் ஃபோல்க்ஸ் முதலில் நின்றாள். குழந்தையின் பெயரைச் சொல்லும்போதே உடைந்துபோனாள். அவள் பொய் சொல்கிறாள் என்று யாராலும் நினைக்க முடியாது. சுவர் விழுந்த அன்று தான் அடுப்படியில் இருந்ததாகச் சொன்னாள். "அவ வந்து சொன்னா, மூணே வாரத்துல விழுந்துச்சு. சொன்னவதானே செஞ்சிருப்பா?" ஜூரிகள் பன்னிரண்டு பேரும் தலையை அசைத்தார்கள்.

பிறகு ஹோல்பீச்சை அழைத்தார்கள். வேதாகமத்தை நீட்டினார்கள். உண்மை என்பது மனிதனுக்குள் இருக்கும் கடவுளின் சாயல் என்று எத்தனையோ தடவை பிரசங்கித்த மனிதர், அதன் மேல் கையை வைத்து, உண்மையைத் தவிர வேறு எதையும் சொல்லமாட்டேன் என்றார்.

நீதிபதி வயதானவர், பொறுமைசாலி. எட்டுப் பக்கத்தையும் முன்னால் பரப்பி வைத்திருந்தார்.

"டாக்டர், இது உங்க கையெழுத்துதானே?"

"ஆமாம், பிரபு."

"ஐயத்துக்கு இடமில்லைன்னு எழுதியிருக்கீங்க. இப்பவும் அப்படித்தானா?"

"இல்லை, பிரபு. நான் அவசரப்பட்டுட்டேன். அந்த அம்மா கசகசாக் கஷாயம் குடிக்கறவங்க. நான் இருக்கும்போதே ஒரு குவளை குடிச்சாங்க. அதை நான் அந்தத் தாள்ல எழுதாம விட்டேன். எழுதியிருந்தா என் வாதம் பலவீனமாகியிருக்கும். அந்தப் பாவத்தை ஒத்துக்கத்தான் வந்திருக்கேன்."

கூட்டத்தில் சலசலப்பு. எதிர்வரிசையில் சர் மைல்ஸ் ஆர்ட்டன் எழுந்து நின்றுவிட்டார்.

"சுவரைப் பத்தி?"

"அந்தச் சுவரைப் போய்ப் பார்த்த யாருக்கும் அது விழும்னு தெரியும். உள்பக்கமா ஒரு சாண் சாய்ஞ்சிருந்ததா ஊர்லயே சொன்னாங்க. தினமும் அந்த வழியாப் போறவங்க மனசு அதைக் கவனிச்சிருக்கு. கஷாயம் அதுக்கு மகன் குரலைக் கொடுத்திருக்கு. துக்கப்பட்ட மூளை, அவ்வளவுதான். சூடும் அசைவும். வேற ஒண்ணுமில்லை."

அந்த வார்த்தைகள் தன் வாயிலிருந்து எவ்வளவு சரளமாக வருகின்றன என்று அவருக்கே திகைப்பாக இருந்தது. டர்னலின் வார்த்தைகள். இருபது வருஷமாக மறுத்து மறுத்து மனப்பாடமாகிப்போனவை.

"பொய்!"

குற்றவாளிக் கூண்டில் ஆட்ரி கம்பியைப் பிடித்து உலுக்கினாள். "பொய் சொல்றாரு! நான் குடிக்கல! அவன்தான் பேசினான்! மூக்கடைப்போட பேசினான், எம்புள்ள குரலு எனக்குத் தெரியாதா? ஏ சைலஸ்! நீ சொல்லுடா! நீயாவது சொல்லுடா!"

மேற்கூரையில் புறாக்கள் சிறகடித்தன. மண்டபத்தில் இருந்த அத்தனை பேரும், ஹோல்பீச்சும்தான், ஒரு கணம் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டார்கள். எதுவும் வரவில்லை.

நீதிபதி இரக்கத்தோடு பேனாவைக் கீழே வைத்தார். "புத்தி பேதலிச்ச பொம்பளை" என்றார் ஜூரிகளைப் பார்த்து. "டாக்டர் சொன்னது கண்ணெதிரே தெரியுது."

கால்மணி நேரத்தில் தீர்ப்பு. குற்றமில்லை. ஆனால் இனிமேல் அவள் அந்தக் கால்வாய்க்கரைப் பக்கம் போகக்கூடாது. தண்ணீரோரம் நின்று பேசுவதை யாராவது பார்த்தால் மறுபடி பிடித்துவந்து விசாரிப்பார்கள். அதற்கு டாக்டர் ஹோல்பீச் ஜாமீன் நிற்க வேண்டும். அவர் கையெழுத்துப் போட்டார். திரும்பிப் பார்ப்பதற்குள் அவளை வேறு வாசல் வழியாக அனுப்பிவிட்டார்கள்.

*

செய்தி அவருக்கு முன்னால் கேம்பிரிட்ஜுக்குப் போய்ச் சேர்ந்திருந்தது. சாப்பாட்டு மண்டபத்தில் டர்னல் பீர்க் குவளையோடு எழுந்தார்.

"நம்ம கட்சிக்கு ஒருத்தர் வந்து சேந்திருக்கார். சூடும் அசைவும்! என்னய்யா ஹோல்பீச், இவ்வளவு அழகா நானே சொன்னதில்லையே!"

வழக்கம்போல எல்லோரும் சிரித்தார்கள். ஹோல்பீச் கரண்டியை வைத்துவிட்டு எழுந்து போனார். டர்னல் கெட்ட மனிதர் இல்லை. பின்னாலேயே முற்றத்துக்கு ஓடிவந்தார். "அந்தப் பொம்பளையக் காப்பாத்தத்தானே சொன்னீர்? எனக்குத் தெரியாதா? நல்ல காரியம்தானய்யா. மனசுல ஏன் போட்டு அலட்டிக்கறீர்?"

"பொய் சொன்னேன்னு தெரிஞ்சா நிம்மதியா இருக்கும் டர்னல்" என்றார் ஹோல்பீச். "பொய்தானான்னு தெரியல. அதுதான்."

அதுதான் அவரைத் தின்றது. அந்தக் குரல் மெய் என்றால், அவர் வேதாகமத்தின் மேல் கைவைத்துக் கடவுளின் முகத்தில் பொய் சொல்லியிருக்கிறார். அந்தக் குரல் வெறும் பிரமை என்றால், கஷாயத்தைத் தவிர மற்றதெல்லாம் உண்மையையே சொல்லியிருக்கிறார். அப்படியென்றால் டார்க்கஸின் கையில் எதுவும் இருந்ததும் இல்லை, எதுவும் போனதும் இல்லை. இரண்டில் எது நடந்திருக்க வேண்டும் என்று விரும்புவது? ஜெபிக்க மண்டியிடுவார். "பிதாவே" என்பதற்கு மேல் வராது. அறிவு கடவுளின் துளி என்று சொன்னவர், அந்த அறிவு எவ்வளவு லாகவமாகப் பொய்யைத் தைத்துக் கொடுத்தது என்பதைப் பார்த்துவிட்டார். புத்தகத்தை அச்சுக்காரர் கேட்டு எழுதினார். பதில் போடவில்லை. மாணவர்களுக்குக் கிரேக்கம் சொல்லிக்கொடுத்தார், வினைச்சொற்கள் மட்டும்.

ஆகஸ்ட் கடைசியில் பொறுக்க முடியாமல் ஆட்ரியைத் தேடிப் போனார். அவள் ஸ்ட்ரெட்னிக்கு இரண்டு மைல் தள்ளி, தன் அக்காள் மகள் வீட்டு மாட்டுக்கொட்டகையை ஒட்டி ஒரு தடுப்பில் இருந்தாள். அவரைப் பார்த்தும் எழவில்லை. மடியில் கோரையை வைத்துப் பின்னிக்கொண்டே இருந்தாள். அவர் வாசலிலேயே நின்றார்.

"இப்ப யாருமில்ல" என்றாள் கடைசியில். "நீதிபதி இல்ல, வேதம் இல்ல. சொல்லுங்க. பேசினது அவனா, இல்லையா?"

எத்தனையோ அழகான பதில்கள் அவருக்குத் தெரியும். கிரேக்கத்தில் தெரியும், எபிரேயத்தில் தெரியும்.

"எனக்குத் தெரியல, அம்மா."

"தெரியும்னு எழுதினீங்க."

"ஆமா."

"அப்புறம் தெரியும்னு சத்தியமும் பண்ணீங்க, இல்லவே இல்லன்னு."

"ஆமா. ரெண்டு தடவையும் எனக்குத் தெரியாது."

அவள் முதல்முறையாக அவரை நிமிர்ந்து பார்த்தாள். கோபம் எதிர்பார்த்தார். கோபம் இல்லை, அலுப்புத்தான் இருந்தது. "தெரியாதுன்னு அன்னிக்கே சொல்லியிருந்தா ஒரு குவளை பீரைக் குடுத்து அனுப்பியிருப்பேனே" என்றாள். கொஞ்சம் பொறுத்து, "என்னை அங்க போக விடமாட்டேங்கறாங்க. அக்கா மக கண்ணுல வெளக்கெண்ணெய் விட்டுக்கிட்டுக் காவல் காக்கறா. ரெண்டு மாசமாச்சு. அவன் வந்து வந்து பாத்துட்டுப் போயிருப்பான்" என்றாள்.

அவள் அறுந்த ஒரு கோரையை உருவிப் போட்டாள்.

"நீங்க போங்க. உங்களைத் தூக்குல போடமாட்டாங்க. பெரிய மரத்துக்கு இருக்கற மாதிரி உங்களுக்கு வேரு இருக்கு. போய் அம்மா இங்க இருக்கான்னு சொல்லுங்க."

ஹோல்பீச் போனார். நல்ல வெயில். கால்வாய் நேர்கோடாகக் கிடந்தது. தண்ணீர் பழுப்பாக, அசைகிறதா இல்லையா என்று தெரியாமல். எதிர்க்கரையில் ஒரு நாரை. அவர் காதைத் தீட்டிக்கொண்டு ஒரு மணி நேரம் நின்றார். கோரை உரசியது. பூச்சிகள். தன் மூச்சு. சொல்லச் சொன்னதைச் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. கல்லூரியில் ஆயிரம் பேர் முன்னால் பேசியவருக்கு ஒரு வெற்றுக் கால்வாய் முன்னால் நாக்கு ஒட்டிக்கொண்டது. திரும்பி வந்து, "எதுவும் கேக்கல" என்றார். இந்தத் தடவையாவது பொய் சொல்லக்கூடாது என்று முடிவு செய்திருந்தார்.

ஆட்ரி பின்னலை நிறுத்தவில்லை. "எப்படிக் கேக்கும்? உங்களை அவனுக்குத் தெரியாதுல்ல. தெரியாத ஆளுகிட்டப் பேசமாட்டான். சின்னதுலேருந்தே கூச்சம்." பிறகு, "நீங்க சொன்னீங்களா?" என்று கேட்டாள்.

"இல்லை."

"சொல்லாம என்ன கேக்கறது? அடுத்த மாசம் வந்து சொல்லுங்க."

மறுமாதம் அவர் வந்தார். அவள் சொல்லி அனுப்பினாள்: ஆடும் வாத்துங்களும் திரும்பக் கெடச்சிருச்சு, கறுப்பு வாத்து மட்டும் கெடைக்கல. அவர் கரையில் நின்று அதை முணுமுணுத்துவிட்டு, யாராவது பார்த்தார்களா என்று சுற்றிலும் பார்த்தார். அக்டோபரில், எனக்கு நெஞ்சுச் சளி, ஆனா பயப்படாத, என்று சொல்லி அனுப்பினாள். அவளைப் பார்த்தாலே தெரிந்தது, அது வெறும் சளி இல்லை. கன்னம் ஒட்டிப்போயிருந்தது. இந்தக் குளிர்காலத்தைத் தாண்டுவது கஷ்டம். அவளும் அதை அறிந்திருந்தாள் போலும். "சத்தமாச் சொல்லுங்க ஐயா, அவனுக்குக் காதுல தண்ணி போயிருக்கும்" என்றாள்.

அன்று காற்று பலமாக இருந்தது. ஹோல்பீச் கரையின் விளிம்பில், கறுப்பு அங்கி காலில் சுற்றிக்கொள்ள நின்றார். முதலில் மெல்லச் சொன்னார். காற்று அதைக் கொண்டுபோயிற்று. பிறகு வாயின் இருபுறமும் கையைக் குவித்துக்கொண்டு கத்தினார்.

"சைலஸ்! சைலஸ் பிரைக்! உங்கம்மாவுக்கு நெஞ்சுச் சளி! பயப்படாதேன்னு சொன்னாங்க!" நிறுத்தினார். அதோடு முடிந்தது அவள் சொன்னது. ஆனால் அவர் வாய் நிற்கவில்லை. "நீ பேசலேன்னு நான் சத்தியம் பண்ணிட்டேன்! உன்னை இல்லேன்னு சொன்னவன் நான்தான்! கேக்குதா? நான் ஹோல்பீச்! எனக்குத் தங்கச்சி ஒருத்தி இருந்தா, டார்க்கஸ்னு பேரு! அங்க இருக்காளா? இருக்காளான்னு மட்டும் சொல்லு!"

குரல் கம்மி, இருமலாக உடைந்தது. அவர் அப்படியே ஈரப்புல்லில் உட்கார்ந்துவிட்டார்.

தண்ணீரில் ஏதோ சலசலத்தது. அடுப்பெரிக்க வெட்டிய கரிமண் கட்டிகள் ஏற்றிய ஒரு தட்டைப் படகு வளைவைத் தாண்டி வந்துகொண்டிருந்தது. கழியை ஊன்றி நின்ற படகுக்காரன் நரைத்த தாடிக்காரன். அவன் எல்லாவற்றையும் கேட்டிருக்க வேண்டும். பக்கத்தில் வந்ததும் படகை நிறுத்தி அவரை மேலும் கீழுமாகப் பார்த்தான்.

"யார்கூடப் பேசறீங்க, போதகரே?"

பொய் சொல்லியிருக்கலாம். பிரசங்கத்துக்குப் பயிற்சி என்றால் அவன் நம்பியிருப்பான்.

"சைலஸ் பிரைக்குகூட" என்றார்.

"செத்தவன்கூடவா?"

"ஆமா."

படகுக்காரன் தண்ணீரைப் பார்த்தான், அவரைப் பார்த்தான். "பதில் சொன்னானா?"

"இல்லை" என்றார் ஹோல்பீச். "அடுத்த மாசமும் வருவேன்."

அவன் வேறு எதுவும் கேட்கவில்லை. கழியைச் சேற்றில் ஊன்றித் தள்ளினான். படகு மெல்ல நகர்ந்தது. அது கண்ணுக்கு மறையும்வரை காத்திருந்து, ஹோல்பீச் எழுந்து, குரலைச் சரிசெய்துகொண்டு, ஆட்ரியின் சளியைப் பற்றி மறுபடி முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தார்.